ஜெயமணிக்குப் பதிலாகத் தலைவர்

காளிதாஸைப் பத்து பெரண்டாம் வட்டாரத்தில் எல்லாரும் தலைவர் என்றுதான் கூப்பிடுவார்கள். எதற்குத் தலைவர் என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. ஏதோ ஒரு சங்கத்தின் பெயர் போட்ட ரப்பர் முத்திரைச் சாப்பும் நாலு பூப்போட்ட பாத்தேக் சட்டையும் வைத்திருந்தார், அவ்வளவுதான். யார் வீட்டில் என்ன வம்பு நடந்தாலும் அந்த ஆளைக் கூட்டிக்கொண்டு போலிஸ் நிலையத்துக்குக் கிளம்பிவிடுவார். பேச்செல்லாம் அவரே பேசுவார். வெளியே வந்து ரிப்போர்ட் நகலை நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டு படம் எடுத்துக்கொள்வார். சாயங்காலத்துக்குள் அது எல்லார் வாட்சப்பிலும் வந்து விழும். அந்த வழக்குகள் அப்புறம் என்ன ஆயின என்று மட்டும் ஒரு படமும் வந்ததில்லை.

இவ்வளவும் தெரிந்தும் ஜெயமணி அவரிடம்தான் போனாள். அந்தக் கடுப்பு அவளுக்குத் தன் மேலேயே இருந்தது. ஜாசின் பக்கத்து எஸ்டேட்டில் வளர்ந்தவள். அங்கே ஆபிசுக்குள் போய்ப் பேச ஒருத்தர் இருப்பார், மற்றவர்கள் வெளியே நிற்பார்கள். உள்ளே என்ன பேசினீர்கள் என்று கேட்கிற வழக்கமே கிடையாது. ஐம்பத்து மூன்று வயதில், தொழிற்சாலையில் துப்புரவு வேலை பார்த்து நாலு பாஷையில் சண்டை போடக் கற்றுக்கொண்ட பிறகும், போலிஸ் நிலையத்துப் படியைப் பார்த்ததும் அவளுக்கு வாய் அடைத்துப் போயிற்று.

நடந்தது இதுதான். சூப்பர்வைசர் நிவேந்திரன் ஸ்டோர் சாவியைக் கேட்டான். புத்தகத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு வாங்கிக்கொள்ளச் சொன்னாள். அவன் அவளுடைய வலது மணிக்கட்டை முறுக்கிச் சாவியைப் பிடுங்கிக்கொண்டான். பக்கத்தில் யாரும் இல்லை. எலும்பு முறியவில்லை என்று சொல்லி, கிளினிக்கில் விரல் வரைக்கும் கட்டுப் போட்டு அனுப்பினார்கள். மறுநாளும் அவன் அதே ஸ்டோர் வாசலில் ஒன்றும் நடக்காதவன் போலப் பல்லைக் குத்திக்கொண்டு நின்றான். அவனை ஒரு தடவையாவது கோர்ட்டில் நிற்க வைக்க வேண்டும். அவள் கேட்டது அது ஒன்றுதான்.

அந்தக் கட்டு தலைவருக்கு நல்ல வசதியாகப் போயிற்று. கையெழுத்துப் போட முடியாத பெண் என்று கவுண்டரில் சொல்லி, புகார் கொடுப்பவராகத் தன் பெயரையே கொடுத்துத் தானே கையெழுத்தும் போட்டார். மணிக்கட்டை முறுக்கியதெல்லாம் ஒரு செய்தியா என்று நினைத்தாரோ என்னவோ, பத்துப் பேர் பார்க்கக் கன்னத்தில் அறைந்தான் என்று சொல்லி வைத்தார். ஜெயமணி அப்போது வெளியே நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். வீட்டில் மகள் புனிதா நகலை வாசித்தபோதுதான், தான் அறை வாங்கிய கதையே அவளுக்குத் தெரிந்தது.

உடனே போன் போட்டுக் கேட்டாள்.

"விடும்மா. கேஸ் கொஞ்சம் காரமா இருந்தாத்தான்லா எடுபடும்," என்றார் தலைவர்.

இந்த மாதிரி அடிதடிக்கு மாஜிஸ்திரேட்டிடம் நேராகப் புகார் கொடுக்கலாம் என்று போலிஸ் சொல்லி அனுப்பியது. கோர்ட்டுக்கும் தலைவர் வந்து சேர்ந்தார். படம் எடுக்கத் தன் ஆள் முனியாண்டியையும் கூட்டி வந்தார். கையில் சாப் குத்திய ஒரு கடிதம். ஜெயமணியின் சார்பில் சத்தியம் செய்யவும் கையெழுத்துப் போடவும் காளிதாஸுக்கு அதிகாரம் உண்டு என்று அதில் எழுதியிருந்தது. அந்த அதிகாரத்தைக் கொடுத்துக் கையெழுத்துப் போட்டிருந்ததும் காளிதாஸ்தான். இப்படி ஒரு வெட்கம் கெட்ட ஜென்மம்.

மாஜிஸ்திரேட் ஒரு இளம் மலாய்ப் பெண். கடிதத்தைப் படித்துவிட்டு, சம்பவத்தை நேரில் பார்த்தீர்களா என்று தலைவரைக் கேட்டார். பார்க்கவில்லை, ஆனால் இந்த வட்டாரத்தில் நம் மக்களுக்காகப் பேசுவது தான்தான் என்றார் தலைவர். மாஜிஸ்திரேட் சிரிக்கக்கூட இல்லை. அடிபட்டவர் எதிரே நிற்கும்போது, கேள்விப்பட்டவர் அவருக்காகச் சத்தியம் செய்ய முடியாது என்று சொல்லிக் கடிதத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

ஜெயமணி சத்தியம் செய்தாள். அடுத்ததாக மாஜிஸ்திரேட் போலிஸ் ரிப்போர்ட்டை எடுத்தார். இதில் கன்னத்தில் அறைந்ததாக இருக்கிறதே என்றார்.

பின்னால் தலைவர் இருமினார். அந்த இருமலுக்கு அர்த்தம் அவளுக்குத் தெரியும். ஆமாம் என்று சொன்னால், மணிக்கட்டைப் பற்றி மட்டும் எழுதியிருந்த கிளினிக் சீட்டு அவளைப் பொய்க்காரியாக்கிவிடும், நிவேந்திரன் பல்லைக் குத்திக்கொண்டே போய்விடுவான். இல்லை என்று சொன்னால், முதல் ரிப்போர்ட்டே பொய்யா என்று கேட்டு எல்லாவற்றையும் தூக்கி எறிந்துவிடுவார்களோ என்று பயமாக இருந்தது. எஸ்டேட் ஆபிஸ் வாசலில் நின்ற அதே ஜெயமணிதான் இங்கேயும் நின்றாள். தன்னை நினைக்கவே அவளுக்கு அசிங்கமாக இருந்தது.

மலாயில் சொல்ல ஆரம்பித்து, பாதியில் தமிழுக்கு வந்துவிட்டாள். "கன்னத்துல அடிக்கல. கையத்தான் முறுக்கினான். அந்த ரிப்போர்ட் இவர் சொன்னது, நான் சொன்னது இல்ல."

மொழிபெயர்ப்பாளர் அதை மலாயில் சொன்னார். மாஜிஸ்திரேட் ஒரு தடவை தலைவரை ஏறிட்டுப் பார்த்தார். பிறகு ஜெயமணியிடம் சாவி, புத்தகம், ஸ்டோர், நேரம் என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டார். எழுதியதை வாசித்துக் காட்டச் செய்தார். கையெழுத்துப் போடச் சொன்னதும், கை முடியவில்லை, நானே போட்டுவிடுகிறேன் என்று தலைவர் மறுபடியும் எழுந்தார். கோர்ட் ஊழியர் அவரை உட்காரச் சொன்னார். ஜெயமணி இடது கையால் பேனாவைப் பிடித்து, நாக்கைக் கடித்துக்கொண்டு, கோணல் மாணலாகத் தன் பெயரை எழுதி முடித்தாள். நிவேந்திரனுக்குச் சம்மன் போகும் என்றார்கள்.

வெளியே முனியாண்டி போனைத் தூக்கிப் பிடித்துத் தயாராக நின்றான். கட்டுப் போட்ட கை நன்றாகத் தெரிகிற மாதிரி பக்கத்தில் வந்து நிற்கச் சொல்லித் தலைவர் அவளைக் கூப்பிட்டார்.

"எனக்குப் பதிலா பேசினது நீங்க, கையெழுத்துப் போட்டது நீங்க. போட்டோவுக்கும் நீங்களே நின்னுக்குங்க தலைவரே," என்று சொல்லிவிட்டு அவள் பஸ் நிறுத்தத்துக்கு நடந்தாள்.

அன்று சாயங்காலம் வாட்சப்பில் படம் வந்தது. தலைவர் மட்டும் தனியாக நின்றிருந்தார். மாஜிஸ்திரேட் திருப்பிக் கொடுத்த கடிதத்தை நெஞ்சுக்கு நேரே பிடித்திருந்தார்.