போர்மேன் வீட்டுப் பிச்சிர்

நிறைகுடம் தளும்பாது என்பார்கள். ஊர்க்காவலன் நிரப்பினால் தளும்பும். திருத்தங்கல் பக்கத்தில் ஒரு பட்டாசுக் கம்பெனியில் அவர் போர்மேன். தீப்பிடித்தால் அணைக்க அறைக்கு அறை வாசலில் இருக்கும் தண்ணீர்த் தொட்டியில் தினமும் விரலை விட்டுப் பார்ப்பார். விளிம்புக்கு ஒரு விரற்கடை குறைந்தாலும் அன்றைக்கு அந்த அறைக்காரர்கள் பாடு திண்டாட்டம்தான். வீட்டிலும் அதே கெடுபிடி. சொம்பு ததும்பாமல் கைக்கு வந்தால் முகம் கோணிவிடும். தங்கமான மனுஷர்தான். நிறைந்த தண்ணீர்தான் உயிரைக் காக்கும் என்று இருபது வருஷமாகச் சொல்லிச் சொல்லி, அதுவே புத்தியாகிவிட்டது.

அவர் மனைவி மாரிசெல்வி அதே கம்பெனியில் பேக்கிங் பிரிவு. போன தீபாவளி போனசில் ஆசை ஆசையாக ஒரு மீன் வாங்கி வந்தாள். பிச்சிர் என்று பெயர், பூர்வீகம் ஆப்பிரிக்கா. முக்கால் அடி நீளம், பாம்புத் தலை, முதுகு நெடுக ரம்பப் பல் மாதிரி சின்னச் சின்னத் துடுப்புகள். வந்த மூன்றாம் நாளே, அதே கண்ணாடித் தொட்டியில் ஊர்க்காவலன் வளர்த்த ஆறு கப்பி மீன்களையும் விழுங்கிவிட்டு, ஒன்றும் தெரியாத பிள்ளை போலக் கல்லடியில் படுத்துக்கொண்டது.

"ஒன்னைய ஒரு நா வெட்டிக் கொளம்பு வைக்கல, எம் பேரு ஊர்க்காவலன் இல்லலே!" என்று அவர் போட்ட சத்தம் தெருவுக்கே கேட்டது. அதோடு அவருக்கும் மீனுக்கும் பேச்சுவார்த்தை அற்றுப்போனது.

இப்படி இருக்கையில் ஆலங்குளத்தில் தங்கைக்குப் பிரசவமாகி, மாரிசெல்வி பத்து நாள் துணைக்குப் போக வேண்டியதாயிற்று.

"பொளுது சாய ரெண்டு எறா போடுங்க. மூடியத் தெறந்து வச்சிராதீக, ஏறி வெளிய விளுந்திரும்," என்றாள் பஸ் ஏறுமுன். பிறகு அவர் முகத்தை ஒரு மாதிரி பார்த்தாள். "அதுக்கு ஏதாச்சும் ஆச்சுன்னு வைங்க, நீக என்ன சமாதானம் சொன்னாலும் நான் நம்ப மாட்டேன்."

அவருக்குச் சுருக்கென்றது. கோபத்தில் விட்ட வார்த்தையை இவள் இன்னும் மனசில் வைத்திருக்கிறாளே! அவள் திரும்பும்போது மீனைக் கொழுகொழுவென்று காட்டி, தான் அப்படிப்பட்ட ஆள் இல்லை என்று நிரூபித்தே தீருவது என்று முடிவு கட்டினார்.

வீட்டுக்கு வந்து கண்ணாடித் தொட்டியைப் பார்த்தால், மேலே நாலு விரற்கடை காலி. 'தண்ணிகூட ஒளுங்கா ஊத்தல பாரு' என்று முணுமுணுத்தபடி இரண்டு குடம் ஊற்றி விளிம்பு தொட நிரப்பினார். மூடியை அழுத்தி, சுற்றிலும் பேக்கிங் டேப் ஒட்டினார். இறால் போட மட்டும் ஒரு மூலையைப் பிரிப்பார், உடனே ஒட்டிவிடுவார்.

மீன் அடிக்கடி மேலே வந்து மூடியை முட்டியது. "என்னலே, பசிக்கா?" என்று ரோஷத்தை மறந்து கூடுதலாக இரண்டு இறால் போட்டார்.

நாலாம் நாள் காலையிலிருந்து மின்தடை. தொட்டியில் குமிழி விட்டுக் காற்றுக் கலக்கும் மோட்டார் நின்றுபோனது. வெயிலோ மண்டையைப் பிளந்தது. மத்தியானம் சாப்பிட வந்தவர், மீன் அடியில் ஒருக்களித்துக் கிடப்பதைக் கண்டார். தட்டினார், அசையவில்லை. கைக்கு அகப்பட்ட சாக்கை நனைத்து, மீனை அதில் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு சிவகாசிக்கு வண்டியை விரட்டினார்.

மீனை விற்ற கடை நாகஜோதியுடையது. "தங்கச்சி, எப்பிடியாச்சும் காப்பாத்து. இது செத்துச்சுன்னா நான் செல்வி மொகத்துல முளிக்க முடியாது," என்று மேசைமேல் சாக்கைப் பிரித்தார். மீன் வாயைப் பிளந்து ஒரு மிடறு காற்றை விழுங்கியது. பிறகு இரண்டு பக்கத் துடுப்புகளையும் ஊன்றி, மேசைமேல் நடக்கப் பார்த்தது!

அவள் அதைத் தூக்கி, சாண் உயரத் தண்ணீர் இருந்த டப்பில் விட்டாள். "வீட்டுல தண்ணி எம்புட்டு ஊத்துனீக?"

"விளிம்பு வரைக்கும்." அதைச் சொல்கையில் அந்த நிலையிலும் கொஞ்சம் பெருமை.

"மூடி?"

"டேப் போட்டு ஒட்டிட்டேன்."

நாகஜோதி தலையில் அடித்துக்கொண்டாள். "அண்ணே, இதுக்கு நொரையீரல் இருக்கு. நம்ம வைப்பாறு மாதிரி அதோட ஊர் ஆத்துலயும் கோடையில தண்ணி வத்தும்; மிச்சமிருக்க குட்டையில மேல வந்து காத்தக் குடிச்சே பொளச்சுக் கெடக்கும். நீக காத்துக்கு எடமே விடலயே! கண்மாயில விரால் மேல வந்து வாய் வச்சிட்டுப் போறத நீக பாத்ததே இல்லையா?"

பார்க்காமல் என்ன? பாதி வயசு வரை விரால் பிடித்தவர் அவர். வெட்கம் பிடுங்கித் தின்றது.

அந்த நேரம் பார்த்து மாரிசெல்வி வீடியோ காலில் வந்தாள். "கடையில என்ன பண்ணுதீக? மீனு எங்க?"

இறால் வாங்க வந்தேன் என்று சொல்லிவிடலாம். நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஆனால் சொல்லவில்லை.

"செல்வி, நான் அதக் கொன்னுருப்பேன். வேணும்னு இல்ல. தண்ணிய விளிம்பு வரைக்கும் ஊத்தி மூடிட்டேன்; அதுக்கு மூச்சு முட்டிருச்சு. நீ நம்ப மாட்ட, தெரியும்."

மாரிசெல்வி விழுந்து விழுந்து சிரித்தாள்.

"நம்பாம என்ன? அரையும் கொறையுமா ஊத்தி அது செத்திருந்தா, வேணும்னே செஞ்சீகன்னு சொல்லியிருப்பேன். விளிம்பு வரைக்கும் ஊத்துனீகன்னா, அதயும் ஒங்க கம்பெனி ஆள்ல ஒண்ணாத்தான நெனச்சிருக்கீக?"

ஊர்க்காவலன் போனை டப்புக்கு நேரே பிடித்து மீனைக் காட்டினார்.