சாட்சி மணல்

"ரேதி கிதர் ஹை?" மணல் எங்கே என்று சர்க்கார் சாகேப் கேட்டபோது, மனுஷன் கண்ணாடியை மறந்துவிட்டு வந்திருக்கிறார் என்றுதான் நினைத்தேன். டயரில் கால் வைத்து ஏறி லாரிக்குள் எட்டிப் பார்த்தேன். யா அல்லாஹ்! பிடிபட்ட அன்று பக்கப்பலகை வரை நிறைந்திருந்த மணல், மூலையில் ஒரு சின்னக் குவியலாகக் கிடந்தது.

சீனாக்காரனோடு சண்டை முடிந்த மறு வருஷம் அது. என் பெண்டாட்டி ஆபிதாவின் நகைகளை அடகு வைத்து வாங்கிய லாரி. தாராவியில் என்னை 'லாரி உதுமான்' என்று கூப்பிட ஆரம்பித்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அதற்குள் மாஹிம் உப்பங்கழியில் பர்மிட் இல்லாமல் மணல் அள்ளினேன் என்று பிடித்து, சயானில் ஒரு சர்க்கார் முற்றத்தில் நிறுத்திவிட்டார்கள். அள்ளினது நிஜம். எல்லோரும்தான் அள்ளினார்கள், மாட்டிக்கொண்டவன் நான். குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் கோர்ட்டுக்குப் போகாமலே வண்டியை விட்டுவிடுவார்கள். ஒப்புக்கொள்வதற்காகவே பெருநாள் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்திருந்தேன். சாகேப் சிரிக்கவில்லை. பிடித்த அன்று சாட்சி வைத்து எழுதிய பஞ்சநாமாப் பத்திரத்தில் முழு லாரி மணல் என்று இருக்கிறதாம். மணல் இல்லாமல் எந்தக் குற்றத்தை ஒப்புக்கொள்வாய், சாட்சியைக் கலைத்ததற்குத் தனி வழக்கு, கோர்ட்டில் போய்ப் பேசிக்கொள் என்றார். தீர்ப்பு வருவதற்குள் லாரியில் துரு மட்டும்தான் மிஞ்சும். கெஞ்சிக் கூத்தாடி சாயங்காலம் வரை தவணை வாங்கினேன்.

பேட்டரியை எவனாவது கழற்றிவிடுவான் என்று டிரைவர் பிரம்மநாயகத்தை வண்டியிலேயே காவலுக்குப் படுக்க வைத்திருந்தேன்.

"என்னவே காவல் காத்தீரு? மணலக் காக்காயா தூக்கிட்டுப் போச்சு?"

அவன் ஸ்டியரிங்கைத் துடைத்தான். அது ஏற்கெனவே பளபளவென்றுதான் இருந்தது. "பேட்டரி பத்திரமா இருக்கு மொதலாளி."

அந்த நேரம் பார்த்து அவன் பெண்டாட்டி சொர்ணம்மாள் சோறு கொண்டுவந்தாள். தூக்குப்போணி ஒன்று; அதை வைத்து எடுத்துவந்தது கொத்தனார் சாந்துச்சட்டியில். எனக்கு அப்போதுதான் விளங்கியது.

"நீயா தாயீ அள்ளினே?"

"ஆமா. வீட்டுக்குள்ள மழத்தண்ணி வருதுல்லா? திரும்பிப் போகையில வெறுஞ்சட்டியக் கொண்டுட்டுப் போவானேன்னு அள்ளினேன்."

"ஏட்டி, அது சர்க்கார் பிடிச்ச மணலு!"

"வண்டியத்தான பிடிச்சாவ? மணலு நம்மதான மொதலாளி!"

மாட்டுங்கா லேபர் கேம்ப்பில் அவள் சந்துக்குப் போய்ப் பார்த்தேன். அவள் வீடு மட்டுமில்லை. பேராச்சி வீடு, ஆறுமுகத்தாய் வீடு, அந்த வரிசை முழுக்க என் குற்றம் பரவிக் கிடந்தது. வெளியே சாக்கடையும் மழையும் ஒன்றாக ஓட, உள்ளே மணலை மேடாக்கி, மேலே சாக்கு விரித்துப் பிள்ளைகள் உலர்ந்த உடம்போடு தூங்கிக்கொண்டிருந்தன. நாலு கெட்ட வார்த்தை தயாராகத்தான் வைத்திருந்தேன். சொர்ணம்மாள்தான் சத்தம் போட்டாள்: "ஏளா, எல்லாரும் அள்ளுங்க! மொதலாளி வண்டி போயிரும்!"

பிள்ளைகளைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு அள்ளினார்கள். பக்கெட், சட்டி, ஒருத்தி இட்லிக் கொப்பரைகூடக் கொண்டுவந்தாள். சயான் ரோட்டில் பெண்கள் வரிசை போவதைப் பார்த்து ஏதோ ஊர்வலம் என்று போலீஸ்காரன் பஸ்ஸை நிறுத்தி வழிவிட்டான். ரோஷக்காரிகள், ஒரு பிடிகூடக் குறையக் கூடாது என்று தரையையே சுரண்டிக் கொட்டியிருக்கிறார்கள். சாகேப் வந்து பார்க்கும்போது மணல் பக்கப்பலகைக்கு மேலே கோபுரமாக நின்றது.

"ஜாஸ்தி ஹை," என்றார் சாகேப். எழுதினதற்கு மேல் இருந்தால் அது புதுக் குற்றமாம்!

எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. மேலாக வழித்து இறக்கி, பலகை மட்டத்துக்குக் கொண்டுவந்த பிறகுதான் மனுஷன் கையெழுத்துப் போட்டார். அபராதத்தில் மணலின் விலையும் சேர்த்தி, ஆகவே அதையும் கொண்டுபோ என்றார். செம்பூரில் கட்டட காண்டிராக்டர் ஒருவர் அதற்காகக் காத்திருந்தார். அதை விற்றால்தான் ஆபிதாவின் வளையலையாவது மீட்கலாம்.

முற்றத்தைவிட்டு வெளியே வரும்போது மழை பிடித்துக்கொண்டது. செம்பூருக்குத் திரும்ப வேண்டிய இடத்தில் பிரம்மநாயகம் திரும்பவில்லை. நான் வாயைத் திறப்பதற்குள் லேபர் கேம்ப் சந்து முனைக்கு வந்துவிட்டோம். முழங்கால் தண்ணீரில், வாசலுக்கு வாசல் பெண்கள் பிள்ளைகளை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றார்கள். ஒருத்தியும் எங்களைக் கூப்பிடவில்லை. அவன் பிரேக் போட்டான்.

"வண்டி நின்னுட்டு மொதலாளி," என்றான், என் முகத்தைப் பார்க்காமல்.

எங்கள் காலுக்கடியில் எஞ்சின் தடதடவென்று ஓடிக்கொண்டிருந்தது.