நடுக்கோடு ஒரு அடி தள்ளி

கோல்கீப்பர் இருக்கிற வீட்டில் யாரும் மேட்ச் நடக்கும்போது வாயைத் திறக்கக் கூடாது என்று உலகத்தில் எங்கும் சட்டம் கிடையாது. அந்த ஒரு வீட்டில் மட்டும் இருந்தது. சட்டம் போட்டவள் அக்கா. அதற்குக் கட்டுப்பட வேண்டிய ஒரே ஜீவன் அவள் புருஷன்.

அக்கா நகரப் பேருந்து ஓட்டுகிறவள். அறுபது பேரைச் சத்தமில்லாமல் கொண்டுபோய்ச் சேர்க்கிறவளுக்கு ஒற்றை ஆளை அடக்குவது பெரிய காரியமா? புருஷன் டைல்ஸ் போடுகிறவர். அவள் தம்பி அவரை மாமா என்று கூப்பிடுவான். தம்பி விளையாடுகிற டீமும் அப்படியே கூப்பிடும். நாமும் மாமா என்றே வைத்துக்கொள்வோம். அவர் ஒன்றும் கோபித்துக்கொள்ள மாட்டார்.

சட்டத்துக்குக் காரணம் இல்லாமல் இல்லை. மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரு சின்னப் பசங்க மேட்ச். கார்னரிலிருந்து பந்து வரப்போகிறது. கோட்டோரம் நின்ற மாமா, "டேய், பின்னாடி ஒருத்தன் நிக்கிறான் பாரு!" என்று தொண்டை கிழியக் கத்தினார். கோலில் நின்ற தம்பி பெரியவர் பேச்சைத் தட்டாதவன். திரும்பிப் பார்த்தான். பின்னாடி யாருமில்லை. பந்து முன்னாடி வழியாக உள்ளே போனது. "பெரியவங்க சொன்னா கேக்கணும்னு வளத்தது என் தப்புதான்" என்று மாமா அன்று ஒப்புக்கொண்டார். அன்றிலிருந்து மேட்ச் தொடங்கும்போது அக்கா ஒரு புளிப்பு மிட்டாயை உரித்து அவர் வாயில் போட்டுவிடுவாள். அது கரைந்தால் இன்னொன்று. தொண்ணூறு நிமிஷத்துக்கு எட்டு மிட்டாய் கணக்கு.

தம்பிக்கு வீட்டிலும் வெளியிலும் நெட்டை என்றுதான் பெயர். அப்பா அம்மா இல்லாத பையன். அக்காவுக்குக் கல்யாணம் ஆகும்போது அவனுக்கு ஒன்பது வயது. "நான் வந்தா இவனும் வருவான்" என்று அவள் முதலிலேயே சொல்லிவிட்டாள். "வரட்டுமே, ஒரு சின்னப் பையன் எவ்வளவு இடத்தை அடைச்சிடப் போறான்?" என்றார் மாமா. வாழ்க்கையில் அவர் அளவு தப்பிப்போனது அந்த ஒரு தடவைதான். பதினாறு வயதில் அவன் வாசல் நிலையில் தலையை இடித்துக்கொள்ள ஆரம்பித்தான். கட்டிலுக்கு வெளியே முழங்காலிலிருந்து கால் தொங்கியது. மாமா ஒரு பலகையை வாங்கி வந்து கட்டிலை நீட்டினார், மறு வருஷம் அதையும் நீட்டினார். அவர்களுக்குக் குழந்தை இல்லை. அதைப் பற்றி வருத்தப்பட்டுப் பேச அந்த வீட்டில் யாருக்கும் நேரம் கிடைத்ததில்லை. அவ்வளவு சாப்பிட்டான் இவன்.

பதினேழு வயதில் கிளப் அவனை எடுத்துக்கொண்டது. இரண்டு வருஷ ஒப்பந்தம், மூன்றாவது கோல்கீப்பர். மூன்றாவது கோல்கீப்பர் என்றால் என்ன என்று பக்கத்து வீட்டுக்காரர்களுக்குப் புரியவைக்க மாமா படாதபாடு பட்டார். மற்றவர்கள் பயிற்சி முடிந்து குளிக்கப் போனதும் இவன் நின்று அடி வாங்க வேண்டும். கோல் அடிக்க ஆசைப்படுகிறவன் எல்லாம் வந்து நாற்பது பந்து உதைப்பான். முதல் கீப்பருக்கு உடம்பு சூடேற்ற இவன் பந்து வீச வேண்டும். மேட்ச் அன்று கோட்டுப் போட்டுக்கொண்டு மேலே கேலரியில் உட்கார வேண்டும். பந்துப் பையைத் தூக்குவதும் இவன் பொறுப்பு. "அப்ப விளையாடறது எப்போ?" என்று பக்கத்து வீட்டுக்காரர் கேட்டார். "அதான் எங்களுக்கும் தெரியல" என்றார் மாமா.

இரண்டு வருஷமும் ஒரு மேட்ச் இல்லை. ஒப்பந்தம் முடிய ஒரு வாரம் இருக்கும்போது அவனுக்கு ஒருநாள் விடிந்தது. முதல் கீப்பர் விரல் உடைந்து ஒரு மாதமாக வீட்டில் கிடந்தார். இரண்டாவது கீப்பருக்கு அவர் குழந்தையிடமிருந்து சின்னம்மை ஒட்டிக்கொண்டது. சீசனின் கடைசி மேட்ச். கோச் நெட்டையைக் கூப்பிட்டு, "நீதான் நிக்கிற. மேட்ச் முடியட்டும், வச்சுக்கறதா அனுப்பறதான்னு அன்னைக்கே சொல்லிடறேன்" என்றார். இரண்டு வருஷத்து அடியும் தொண்ணூறு நிமிஷத்துக்குள் வந்து நின்றது.

செய்தி கேட்டு அக்கா அழுதாள். மாமா சிரித்தார். ஆனால் அவர் மனசுக்குள் ஒரு சங்கதி இருந்தது. அதை அவர் யாரிடமும் மூச்சு விடவில்லை.

சங்கதி இதுதான். ஒவ்வொரு வருஷ லீவிலும் நெட்டை ஆறு வாரம் அவரோடு வேலைக்கு வருவான். அந்த நீளக் கைக்கு எட்டாத மூலை கிடையாது. உட்கார்ந்த இடத்திலிருந்தே நாலாவது கல்லை வைப்பான். தப்புத் தப்பாகப் பாடுவான். மதியம் இரண்டு பேரும் சிமெண்ட் மூட்டையில் சாய்ந்துகொண்டு ஒரே டப்பாவிலிருந்து சாப்பிடுவார்கள். மீதி நாற்பத்தாறு வாரமும் மாமா தனியாகக் கல் ஒட்டினார். பையனைக் கிளப் அனுப்பிவிட்டால் தன்னோடு சேர்த்துக்கொள்ள மேஸ்திரியிடம் போன வாரமே பேசிவைத்திருந்தார். அவன் தெருவில் நிற்கக் கூடாதே என்றுதான் பேசினேன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். அது பாதி உண்மை.

மேட்ச் மதியம் மூன்று மணிக்கு. குடும்பத்துக்குக் கொடுத்த சீட்டு ஒரு கோலுக்கு நேர் பின்னால், மூன்றாவது வரிசை. முதல் பாதியில் நெட்டை எதிர்ப்பக்கக் கோலில் நின்றான், தீக்குச்சி அளவுக்குத் தெரிந்தான். பந்து அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் அக்கா கண்ணை மூடிக்கொண்டு, "என்னாச்சு?" என்று கேட்டாள். மாமா மிட்டாயை ஒதுக்கி வைத்துக்கொண்டு, "புடிச்சுட்டான்" என்பார். மூன்று தடவை அப்படிச் சொன்னார். மூன்றும் நிஜம்.

பக்கத்திலிருந்த கோலில் எதிர் டீமின் கீப்பர் நின்றார். முப்பத்தெட்டு வயது இருக்கும், இடது முழங்காலில் தடிமனான கட்டு. கோல்கீப்பர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஆரம்பிக்கும் முன் இரண்டு கம்பத்துக்கும் நடுவே, புல்லில் பூட்ஸால் ஒரு கோடு கிழித்துக்கொள்வார்கள். ஆட்ட மும்முரத்தில் திரும்பிப் பார்க்க நேரம் இருக்காது. காலடியில் கோடு இருந்தால் கோலின் நடுவில் நிற்கிறோம் என்று தெரியும். அந்த மனிதரும் கிழித்திருந்தார். மாமா அதைப் பார்த்தார், தலையைச் சாய்த்துப் பார்த்தார், ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். கோடு நடுவில் இல்லை, இடது பக்கம் ஒரு அடி தள்ளி இருந்தது. தரையில் ஒரு நூல் விலகினாலே ராத்தூக்கம் போய்விடுகிற மனுஷன், ஒரு அடியை எப்படி விடுவார்? கொஞ்ச நேரத்தில் காரணமும் புரிந்தது. கட்டுப் போட்ட காலை ஊன்றி இடது பக்கம் பாய அவரால் முடியாது. அதனால் இடது பக்கத்தைக் குறைத்து, வலது பக்கத்தைப் பெரிசாக வைத்துக்கொண்டிருந்தார். கெட்டிக்காரர் என்று மாமா மனசுக்குள் பாராட்டினார்.

முதல் பாதியில் இரண்டு பக்கமும் கோல் இல்லை. இடைவேளை முடிந்து டீம்கள் பக்கம் மாறின. நெட்டை கடைசியாக ஓடி வந்தான், கையுறையின் பட்டி அறுந்துபோய் வேறு மாட்டிக்கொண்டு வந்திருந்தான். நடுவர் விசிலை வாயில் வைத்துவிட்டார். நெட்டை குனிந்து பார்த்தான். புல்லில் ஒரு கோடு தயாராக இருந்தது. முப்பத்தெட்டு வயதுக்காரர் கிழித்த கோடு, தப்பாகவா இருக்கும்? அதன் மேலேயே நின்றுகொண்டான்.

மாமாவுக்குப் பகீரென்றது.

வலது பக்கம் வாசல் திறந்தது போல் கிடந்தது. சொல்ல வேண்டும் என்று வாய் வரை வந்தது. வாயில் மிட்டாய் இருந்தது. பக்கத்தில் அக்கா கண்ணை மூடிக்கொண்டு அவர் கையைப் பிடித்திருந்தாள். சட்டம் இருக்கிறதே என்று நினைத்தார். அந்த நினைப்புக்கு அடியிலிருந்து இன்னொரு நினைப்பு மெதுவாகத் தலையை நீட்டியது. போனால் போகட்டுமே. நம்மோடு வந்துவிடுவான். திங்கட்கிழமை காலையில் வண்டியின் பின்சீட்டில் உட்கார்ந்து, தப்புத் தப்பாகப் பாடிக்கொண்டு.

அவர் எதுவும் சொல்லவில்லை.

பந்து வலது பக்கம்தான் வந்தது. நெட்டை முழு நீளத்துக்கும் பாய்ந்தான். நாலு விரற்கடை எட்டவில்லை. வலை குலுங்கியது.

"என்னாச்சு?" என்றாள் அக்கா, கண்ணைத் திறக்காமலேயே.

தரையில் கிடந்த பையன் எழுந்து, தன் இரண்டு கையையும் விரித்துப் பார்த்துக்கொண்டான். இத்தனை நீளக் கை ஏன் எட்டவில்லை என்று அதையே கேட்கிற மாதிரி பார்த்தான். இந்த உலகத்தில் யார் வேண்டுமானாலும் இவன் தோற்க வேண்டும் என்று நினைக்கலாம். தான் நினைத்துவிட்டோமே என்று மாமா கூசிப்போனார்.

மிட்டாயைத் துப்பிவிட்டு எழுந்தார். "டேய், கோடு தப்பு! வலது பக்கம் ஒரு அடி!" என்று கத்தினார். கோல் விழுந்த கூச்சலில் அவர் குரல் அவருக்கே கேட்கவில்லை. அக்கா சட்டையைப் பிடித்து இழுத்தாள். "உக்காருங்க, மானத்தை வாங்காதீங்க."

அவர் உட்காரவில்லை. வரிசைகளுக்கு நடுவே இறங்கி, யார் யார் காலையோ மிதித்துக்கொண்டு முன் தடுப்புக்கு வந்தார். அடுத்த உதை கோலுக்கு மேலே பறந்தது. பந்தை எடுக்க நெட்டை தடுப்புப் பக்கம் வந்தான். மாமா வாயைத் திறக்கவில்லை. கல் வெட்டுகிற மெஷின் ஓடும்போது அவர்கள் பேசிக்கொள்கிற மாதிரி கையைக் காட்டினார். பெருவிரலை நீட்டி வலது பக்கம் தள்ளினார். இரண்டு கையையும் அகட்டி ஒரு அடி அளவு காட்டினார். பிறகு உள்ளங்கையால் காற்றில் தட்டினார். அவர்கள் பாஷையில் அதற்கு அர்த்தம், கல்லை எடு, மறுபடி வை.

நெட்டை அவரைப் பார்த்தான், கோட்டைப் பார்த்தான், இரண்டு கம்பங்களையும் பார்த்தான். போய் ஒரு கம்பத்தைத் தொட்டு, அடியெண்ணி நடந்து மறு கம்பத்தைத் தொட்டான். திரும்பி வந்து பழைய கோட்டைப் பூட்ஸால் அழித்தான். புதிதாக ஒன்று கிழித்தான். "சீக்கிரம் ஆகட்டும்" என்று நடுவர் கையைக் காட்டினார். அந்தக் கோடு நூல் பிசகாமல் நடுவில் இருந்தது.

அதற்குப் பிறகு அவனை யாராலும் அசைக்க முடியவில்லை. எண்பதாவது நிமிஷம் முதல் கோல் போன அதே இடத்துக்கு, அதைவிட வேகமாக ஒரு பந்து வந்தது. விரல் நுனியால் தட்டி வெளியே விட்டான். கடைசியில் இவர்கள் டீமும் ஒன்று போட்டது. ஒன்றுக்கு ஒன்று என்று முடிந்தது.

உடை மாற்றும் அறை இருக்கிற நடையில் அக்காவும் மாமாவும் காத்திருந்தார்கள். சுவரோரம் ஈரத் துண்டுகள் குவிந்து கிடந்தன. மாமா பார்வை தானாகவே தரைக் கல்லில் போய் நின்றது, மூலையில் ஒரு கல் எழும்பியிருந்தது. நெட்டை தலையைக் குனிந்து கதவைத் தாண்டி வந்தான். "இன்னும் மூணு வருஷம் வச்சுக்கறாங்க. ரெண்டாவது கீப்பராம்" என்றான். அக்கா அவனை இடுப்போடு கட்டிக்கொண்டாள், அவளுக்கு எட்டியது அவ்வளவுதான். பிறகு வண்டியை எடுத்து வருகிறேன் என்று கண்ணைத் துடைத்துக்கொண்டே போனாள்.

இரண்டு பேரும் வாசலில் நின்றார்கள்.

"மாமா, அந்தக் கோடு தப்புன்னு எப்போ பாத்தீங்க?"

கோல் விழுந்த பிறகு என்று சொல்லிவிட்டால் முடிந்தது. யாருக்கும் தெரியப்போவதில்லை. "நீ வந்து நின்னப்பவே பாத்துட்டேன்" என்றார் மாமா.

"அக்காவுக்குப் பயந்துட்டு சும்மா இருந்தீங்களா?"

அதற்கும் ஆமாம் என்று சொல்லலாம். "இல்லடா. உன்னை அனுப்பிட்டா நீ என்கூட வேலைக்கு வந்துடுவேன்னு ஒரு நிமிஷம் தோணிடுச்சு. அந்த நிமிஷத்துலதான் கோல் போச்சு. அது உன்னுது இல்ல. என்னுது."

நெட்டை பையைக் கீழே வைத்தான். வண்டிகள் ஒவ்வொன்றாக வெளியேறிக்கொண்டிருந்தன. மாமா தன் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றார். என்ன சொன்னாலும் வாங்கிக்கொள்வது என்று முடிவு செய்திருந்தார்.

"ஒரு நிமிஷம்தானா?" என்றான் நெட்டை.

மாமா நிமிர்ந்து பார்த்தார். கேலி இல்லை. நிஜமாகவே கேட்டான், கொஞ்சம் மனத்தாங்கலோடு.

"ரெண்டு வருஷமா" என்றார் மாமா. கண் நிறைந்து வழிந்தது. துடைத்துக்கொள்ளவும் தோன்றவில்லை.

"அப்படிச் சொல்லுங்க" என்றான் நெட்டை. பையைத் தோளில் போட்டுக்கொண்டு, மற்றக் கையை அவர் தோளில் போட்டான். அக்காவின் வண்டி திருப்பத்தில் வந்துகொண்டிருந்தது. "இதை அவகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க மாமா. ரெண்டு பேரையும் நடந்து வரச் சொல்லிடுவா."