பென்சில் அளவு

சுவெட்டரின் இடது கையை முடித்து ஊசியிலிருந்து கழற்றி, வலது கைக்குப் பக்கத்தில் பாயின் மேல் போட்டபோதுதான் ரஞ்சிதாவுக்கு அது கண்ணில் பட்டது. இரண்டும் ஒரே சாம்பல் நீலக் கம்பளி நூல், ஒரே அகலம், மணிக்கட்டில் ஒரே மாதிரி வரிவரியான பட்டை. ஆனால் இடது கை மூன்று விரல்கடை குட்டையாகக் கிடந்தது. வரிசையைத் தப்பாக எண்ணிவிட்டோமோ என்று மகள் தமிழினியின் பழைய நோட்டை எடுத்தாள். ஒரு வரிசை முடிந்தால் ஒரு கோடு என்று அதில்தான் போட்டு வைத்திருந்தாள். விரல் வைத்து எண்ணினாள். வலதுக்கு நூற்று இருபத்து நான்கு, இடதுக்கு நூற்றுப் பன்னிரண்டு. புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தாள். புத்தகத்திலும் அப்படியேதான் இருந்தது.

அது புருசன் கந்தவேல் தைப்பொங்கலுக்கு வந்தபோது கொண்டுவந்த புத்தகம். ஆழ்துளைக் கிணறு தோண்டுகிற திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் போகாத ஊர் இந்தியாவில் இல்லை. அவன் டிரில்லராக இருக்கிற வண்டி நாலு வருசமாக இமாச்சலத்து மலையில் போர் போட்டுக்கொண்டிருக்கிறது. அவன் வீட்டுக்கு வருவது வருசத்துக்கு இரண்டு தடவை. அந்தப் பொங்கல் சமயத்தில் ரஞ்சிதா மல்லசமுத்திரத்துத் தறிப்பட்டறையில் ஊடைநூலைத் தாரில் சுற்றுகிற வேலையை விட்டு நின்றிருந்தாள். பஞ்சுத் தூசி நெஞ்சில் இறங்கி, ராத்திரியெல்லாம் மூச்சு விசில் அடித்தது. இனி பட்டறைப் பக்கம் போனால் என்னிடம் வராதே என்று டாக்டர் சொல்லிவிட்டார். கந்தவேல் ஒரு துணிப்பையை அவள் மடியில் போட்டான். எட்டுப் பந்து கம்பளி நூல், ஒரு ஜோடி நீள ஊசி, ஓரமெல்லாம் மடங்கிப்போன ஒரு பின்னல் புத்தகம். பிளாட்பாரக் கடையில் மொத்தமாக வாங்கியதாகச் சொன்னான். அங்கே பெண்கள் பஸ்ஸில் நின்றுகொண்டே பின்னுகிறார்கள், உனக்குக் கை சும்மா இருக்காதே, பழகு என்றான். உள்ளே எல்லாம் இந்தி. தனக்கே படிக்கத் தெரியாது, பொம்மைப் படத்தைப் பார்த்துக்கொள் என்று சிரித்தான்.

அவளுக்கு இந்தி வேண்டியிருக்கவில்லை. கல்யாணத்துக்கு முன்னால் இளம்பிள்ளையில் ஆறு வருசம் சேலை டிசைனுக்குக் கட்டத்தாளில் புள்ளி நிரப்பியவள். கறுப்புக் கட்டம் என்றால் இழை மேலே, வெள்ளைக் கட்டம் என்றால் கீழே. மாங்காயும் மயிலும் அவளுக்குக் கட்டங்களாகத்தான் தெரியும். பிறகு கம்ப்யூட்டர் வந்தது, கட்டத்தாள்காரர்களை வீட்டுக்கு அனுப்பினார்கள். இந்தப் புத்தகத்தைத் திறந்தபோது பக்கத்துக்குப் பக்கம் அதே கட்டங்கள். வெள்ளைக் கட்டம் நேர்க்கண்ணி, புள்ளி வைத்த கட்டம் புறக்கண்ணி. ஊசியில் நூலை வளைத்துக் கண்ணி போடுவதை மட்டும் போனில் நாலு வீடியோ பார்த்துப் பழகினாள். மீதியைப் புத்தகமே சொல்லிக்கொடுத்தது. அங்கங்கே அச்சடித்த எண்ணை அடித்துவிட்டுப் பென்சிலில் வேறு எண் எழுதியிருந்தது. அதைப் பார்த்து அவள் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. டிசைன் பட்டறையில் முதல் நாளே சொல்லிவிடுவார்கள்: அச்சு என்னவும் சொல்லட்டும், பென்சில் சொல்வதுதான் கடைசி. மாஸ்டர் பென்சிலால் திருத்திய இடத்தை மீறிப் புள்ளி வைத்தவளுக்கு அன்றோடு வேலை போய்விடும். பென்சில் சொன்னபடியே கண்ணி போட்டாள்.

பின்னல் அவளுக்குப் பிடித்துப்போனதற்கு ஒரு காரணம் உண்டு. தறியில் இழை அறுந்தால் அறுந்ததுதான், முடிச்சு விழும், ஏச்சும் விழும். இதில் பத்து வரிசை தப்பினாலும் ஊசியை உருவி நூலை இழுத்தால் கலகலவென்று அவிழ்ந்து, முழு நூலாகக் கைக்கு வந்துவிடுகிறது. தப்புக்குக் கூலி பிடிக்காத வேலையை அவள் அதுவரை பார்த்ததில்லை. கந்தவேலுக்கென்றே ஒரு சுவெட்டரைத் தேர்ந்தெடுத்தாள். மலையில் குளிருக்கு இரண்டு சட்டையை ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டுக்கொள்வதாக அவன் சொல்லியிருந்தான். மாசியில் தொடங்கினாள். சித்திரை வெயிலில் மடியில் கம்பளியை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவளைப் பார்க்கப் பக்கத்து வீட்டுச் சாலம்மாள் தினமும் வேலை மெனக்கெட்டு வந்தாள்.

"ஏம்புள்ள ரஞ்சி, உங்கூட்டுக்காரரு வந்தா ஐஸ்பொட்டிக்குள்ளயா படுக்க வெக்கப்போற?"

வைகாசித் தேருக்குக் கந்தவேல் வந்து ஆறு நாள் ஆகியிருந்தது. வியாழக்கிழமை திரும்ப மலைக்குக் கிளம்புகிறான். அதற்குள் தைத்துச் சேர்த்துவிடலாம் என்றுதான் இடது கையை அவசரமாக முடித்தாள்.

ஒரு கை குட்டையான சுவெட்டரை யார் புத்தகத்தில் போடுவார்கள்? படத்தைக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தாள். அச்சில் இரண்டு கைக்கும் நூற்றுப் பதினெட்டுதான். வலதில் அதை அடித்து நூற்று இருபத்து நான்கு. இடதில் இரண்டு அடித்தல். அச்செண்ணை அடித்து நூற்றுப் பதினாறு, அதையும் அடித்து நூற்றுப் பன்னிரண்டு. அது உட்கார்ந்த இடத்தில் போட்ட கணக்கு இல்லை. பின்னி, போட்டுப் பார்த்து, இன்னும் நீளம் என்று பிரித்து, மறுபடி பின்னியவள் எழுதிய எண்.

அப்போது வாசலில் கந்தவேல் கொடியிலிருந்து சட்டையை உருவி உதறி மாட்டிக்கொண்டிருந்தான். இடது கைப் பட்டை வழக்கம்போல விரல்முட்டி வரை வந்து விழுந்தது. எட்டு வருசத்துக்கு முன்னால் ஒடிசாவில் வண்டியிலிருந்து ராடு சரிந்து முழங்கையில் விழுந்தது. அங்கேயே யாரோ கட்டுப் போட்டார்கள். எலும்பு கோணலாகச் சேர்ந்து, கை குட்டையாகி, முழுக்க நீளாமல் மடங்கியே நின்றுவிட்டது. அன்றிலிருந்து அவன் சட்டைக்கு இஸ்திரி போடும்போதெல்லாம் இடது பட்டையை ஒரு மடிப்பு உள்ளே மடித்துத்தான் வைப்பாள். அந்த மடிப்பு மூன்று விரல்கடை. அந்த அளவை உலகத்தில் தான் ஒருத்திதான் அறிவாள் என்றுகூட அவள் நினைத்ததில்லை. நினைக்க வேண்டிய விஷயமாக அது இருந்ததில்லை.

கதவை ஒருக்களித்துவிட்டுப் புத்தகத்தை முதல் பக்கத்திலிருந்து புரட்டினாள். இத்தனை நாள் கட்டங்களை மட்டும் பார்த்த கண்ணுக்கு இப்போது மற்றதெல்லாம் தெரிந்தது. டீ டம்ளர் வைத்த வட்டக் கறை. ஒரு பக்கத்தில் விரலளவு எண்ணெய்த் தடம். பின்பக்கத்தில் குழந்தைகளுக்கான பகுதி. பிறந்த குழந்தைக்குக் குல்லாவும் காலுறையும், ஓரத்தில் ஒரு பென்சில் டிக், பக்கத்தில் வருசம். அடுத்த பக்கத்தில் ஒரு வயசுச் சுவெட்டர், டிக், அடுத்த வருசம். இரண்டு வயசுச் சுவெட்டர், டிக், அதற்கடுத்த வருசம். எண்கள் எல்லாம் ஒரே கை எழுதியவை. ஏழுக்கு நடுவில் ஒரு குறுக்குக் கோடு போடுகிற கை. குல்லா பின்னிய வருசம், கம்ப்ரசர் கெட்டுவிட்டது, ஆள் நகர முடியாது என்று சொல்லிக் கந்தவேல் பொங்கலுக்கு வராத வருசம். அது யார் பிள்ளை என்று புத்தகத்தில் எழுதியிருக்கவில்லை.

அறுநூறு அடிக்குக் கீழே என்ன கல் ஓடுகிறது என்று சத்தத்தை வைத்தே சொல்லிவிடுகிறவன் கந்தவேல். அவன் இந்தப் புத்தகத்தை ஒரு தடவைகூடத் திறந்து பார்த்திருக்க மாட்டான். இந்தி இவளுக்குத் தெரியாது, பின்னல் பெண்டுகள் விவகாரம், அதில் என்ன இருந்துவிடப் போகிறது? அங்கே பழசாகி மூலையில் கிடந்ததை எடுத்து வந்து இங்கே மடியில் போட்டிருக்கிறான். அவளுக்கு அழுகை வரவில்லை. நாலு மாசமாக, அந்த முகம் தெரியாதவள் எழுதி வைத்த எண்ணுக்குக் கோடு போட்டுக் கோடு போட்டு, அவள் சொன்ன இடத்தில் குறைத்து, சொன்ன இடத்தில் கூட்டி, தன் புருசன் உடம்பைத் தானே பின்னியிருக்கிறோம் என்ற நினைப்புத்தான் வாயில் கசந்தது. உள்ளங்கையெல்லாம் கம்பளி அரித்தது.

மாமியார் சென்னியம்மாள் காட்டிலிருந்து வந்ததும் ரஞ்சிதா இரண்டு கைகளையும் அவள் முன்னால் போட்டாள். சென்னியம்மாள் முதலில் அலட்சியமாகத்தான் பார்த்தாள். பிறகு இடதை எடுத்து, வலதின் மேல் வைத்து, மிச்சமிருந்த நீளத்தில் தன் மூன்று விரலை வைத்தாள். விரலை எடுக்கவில்லை. மகன் கட்டோடு வந்த நாளிலிருந்து மூன்று மாசம் சட்டை மாட்டிவிட்டவள், அவளுக்கு விளக்க வேண்டியதில்லை. புத்தகம் எங்கிருந்து வந்தது என்று மட்டும் கேட்டாள். ரஞ்சிதா சொன்னாள். குழந்தைப் பக்கத்தையும் திறந்து காட்டினாள். கிழவி அதைப் பார்க்காமல் மூடினாள்.

"பிரிச்சுப்போடு சாமி. ரெண்டு கையும் ஒண்ணாட்டம் பின்னிப்போடு."

"எப்படீங் அத்த?"

"எப்படின்னா? நூலுதான, பிரிச்சா வருதில்ல. மாசாமாசம் பணம் வருது, புள்ள படிக்குது. வண்டியில போறவன் பொழப்பத் தோண்டிப் பாத்தா எந்த ஊட்லதான் தண்ணி வரும்?" சொல்லிவிட்டுத் தட்டுப்போரில் உருவி வந்த சோளத்தட்டை மாட்டுக்குப் போடப் போய்விட்டாள். அந்தக் குரலில் கோபம் இல்லை. அதுதான் ரஞ்சிதாவைச் சுட்டது. இந்தக் கிழவியும் ஒரு காலத்தில் எதையோ பிரித்து ஒன்றாகப் பின்னிக்கொண்டவள் போலிருந்தது.

அன்று சாயங்காலம் இடது கையின் முனையைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். ஒரு இழுப்பு இழுத்தால் போதும். இரண்டு நாளில் பின்னிவிடலாம். அவன் போட்டுக்கொண்டு, கை தொங்குது புள்ள என்பான், இவள் ஒரு மடிப்பு மடித்துவிடுவாள், வண்டி ஏறிவிடுவான். தமிழினி ஒன்பதாவது முடித்துப் பத்தாவது போகிறாள். எல்லாம் இருந்தபடியே இருக்கும். ஊசியில் நூல் கோத்துக் கைகளை உடம்போடு வைத்துத் தைக்கத் தொடங்கினாள். நீளமானதை வலதில். குட்டையானதை இடதில்.

வியாழக்கிழமை மத்தியானம். சேலம் ஜங்சனுக்குக் கூட்டிப்போக வண்டி மூன்று மணிக்கு வரும். கூரைத் தகடு வெயிலில் படபடத்துக்கொண்டிருந்தது. கந்தவேல் பனியனோடு நின்று பையைக் கட்டிக்கொண்டிருந்தபோது சுவெட்டரைக் கொண்டுபோய் நீட்டினாள். இந்த வேக்காட்டிலா என்று சிரித்தான், பைக்குள் வைத்துவிடச் சொன்னான். ஒரு தடவை போட்டுப் பாருங்கள், சரியில்லை என்றால் பிரித்துவிடலாம் என்றாள். போட்டுக்கொண்டான்.

தோள் உட்கார வேண்டிய இடத்தில் உட்கார்ந்தது. வலது பட்டை மணிக்கட்டில் நின்றது. இடது பட்டையும் மணிக்கட்டில் நின்றது. அவன் இடது கையைத் தூக்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தான். கடைச் சட்டை எதுவும் அந்தக் கையில் அப்படி நின்றதில்லை. முகம் மலர்ந்துவிட்டது.

"அளவே எடுக்கலியே புள்ள. எப்படி இத்தன கச்சிதமா இருக்குது?"

"பொஸ்தகத்துலயே இருந்துச்சுங்க."

"எந்தப் பொஸ்தகத்துல?"

"நீங்க கொண்டாந்ததுலதான். பென்சில்ல எழுதியிருந்துச்சு."

மலர்ந்த முகம் அப்படியே நின்றது, மூடிக்கொள்ள மறந்த கதவு மாதிரி. உஸ்ஸென்று வேர்வையைச் சாக்குச் சொல்லிக்கொண்டே அவசரமாகச் சுவெட்டரின் கீழ்ப்பக்கத்தைப் பிடித்து மேலே தூக்கினான். இடது முழங்கை நீள வேண்டிய அளவுக்கு நீளாது. எப்போதும் அவள்தான் உருவிவிடுவாள். பனியனையும் சுருட்டிக்கொண்டு கம்பளி தலைவரைக்கும் போய் நின்றுவிட்டது. இரண்டு கையும் மேலே, முகம் உள்ளே, வயிறு வெளியே. அவள் கிட்டே போகவில்லை.

"ரெண்டு வயசுக் கொழந்தைக்கும் அதுல அளவு இருக்குதுங்க. இப்ப மூணு ஆயிருக்குமில்ல?" என்றாள். "நூலு ஒரு பந்து மிச்சம் கெடக்குது. பின்னித் தரட்டுங்களா?"

மேலே போன கைகள் அசையாமல் நின்றன. தெருமுனையில் வண்டி ஹாரன் கேட்டது. மாட்டுக்கொட்டாயிலிருந்து சென்னியம்மாள், வண்டி வந்துருச்சு, கெளம்புங்க என்று இரண்டு தடவை குரல் கொடுத்தாள். கழுத்துப் பட்டை நெற்றிவரை வந்துவிட்டது, இன்னும் நாலு விரல் இழுத்தால் போதும். அவன் இழுக்கவில்லை. வேர்வை வயிற்றில் கோடுகோடாக இறங்கி லுங்கியின் முடிச்சை நனைத்தது. வாய் இருக்கிற இடத்தில் கம்பளி மட்டும் உள்ளே போவதும் வெளியே வருவதுமாக இருந்தது.