கேட்க விடாத கேள்வி

ஆஸ்பத்திரியில் அவனை எல்லோரும் 'ஹாரன்' என்றுதான் கூப்பிடுவார்கள். ஆம்புலன்ஸ் ஓட்டிப் பதினேழு வருஷம். சைரன் மக்கர் பண்ணினாலும் அவன் தொண்டை போதும், தெரு தானாக வழிவிடும் என்று நர்ஸுகள் கேலி பண்ணுவார்கள். அப்பேர்ப்பட்டவனை விசாரணை அறையில் இருபது நிமிஷம் ஒரு கேள்வி கேட்கவிடாமல் உட்கார வைத்தார்கள்.

விஷயம் இதுதான். ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் கண்காணிப்பாளர் அவனைக் கூப்பிட்டார். "மாமனார் மாமியார் ரயில்ல வர்றாங்க. மூட்டை முடிச்சு நிறைய. போய் ஏத்திக்கிட்டு வந்து வீட்ல விட்டுடு."

"சார், இருக்கிறது ஒரே வண்டி..." என்று இழுத்தான்.

"அரை மணி நேரத்துல குடி முழுகிடாதுய்யா. கிளம்பு."

கிளம்பினான். ரயில் ஒரு மணி நேரம் தாமதம். அதற்குள் பிரசவ வலியில் துடித்த ஒரு பெண்ணின் வீட்டிலிருந்து ஆஸ்பத்திரிக்கு நாலு தடவை போன் வந்துவிட்டது. கடைசியில் காய்கறி ஏற்றும் வண்டியில் அவளைப் படுக்கவைத்துக் கொண்டுவந்தார்கள். அவள் பிழைத்தாள். குழந்தை பிழைக்கவில்லை.

மூன்றாம் நாள் அவன் கைக்கு ஒரு மெமோ வந்தது. யாரிடமும் சொல்லாமல் வண்டியைச் சொந்த வேலைக்கு எடுத்துப் போனான் என்று குற்றச்சாட்டு. கையெழுத்துப் போட்டவர் துணைக் கண்காணிப்பாளர். விசாரிக்க நியமிக்கப்பட்டவரும் அவரேதான்.

விசாரணை அன்று கண்காணிப்பாளர் வந்தார், "எனக்கு எதுவும் தெரியாது, நான் யாரையும் அனுப்பலை" என்றார், எழுந்தார்.

"சார், அவரை ஒரு கேள்வி கேட்கணும்."

"அதெல்லாம் வழக்கம் இல்லை," என்றார் துணை.

"அப்போ கேட் ரிஜிஸ்டரையாவது கொண்டுவரச் சொல்லுங்க. வண்டி எங்கே போகுதுன்னு வாட்ச்மேன் அதுல எழுதுவார்."

"எது வேணும் வேண்டாம்னு எனக்குத் தெரியும். நீ கத்தாதே."

அவன் வாக்குமூலம் என்று தட்டச்சு செய்த தாளை அவன் முன் நீட்டினார்கள். படித்தான். 'என் தவறை உணர்ந்து வருந்துகிறேன்' என்று இருந்தது.

"நான் இப்படி ஒரு வார்த்தை சொல்லலையே! யார் சொன்னது இதை?"

தட்டச்சு செய்த பெண் குனிந்த தலை நிமிரவில்லை. அவன் பேனாவை மேஜைமேல் எறிந்தான். 'கையெழுத்திட மறுத்தார்' என்று அதையும் எழுதிக்கொண்டார்கள். எட்டே நாளில் பணிநீக்க உத்தரவு. விசாரணை அறிக்கை என்ற ஒன்றை அவன் கண்ணால் பார்க்கவே இல்லை.

உத்தரவு கைக்கு வந்த அன்று கண்காணிப்பாளர் வீட்டு வாசலில் போய் நின்று நாலு கேள்வி நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்கப்போவதாகச் சட்டையை மாட்டினான். மனைவி கதவை மறித்து நின்றாள். அவளுக்குத் தபால் ஆபீஸில் வேலை.

"போய்க் கத்துங்க. அடிக்க வந்தான்னு அதுக்கும் ஒரு மெமோ வரும். அவங்களுக்கு வேண்டியது உங்க கத்தல்தான். உட்காருங்க. எழுதுங்க."

"எழுதினா மட்டும்?"

"எழுதினா பதில் சொல்லணும். சொல்லலேன்னா சொல்லலேங்கறதே நமக்குச் சாட்சி."

பல்லைக் கடித்துக்கொண்டு எழுதினான். ரிஜிஸ்டர் கேட்டு, அறிக்கை கேட்டு, மேல்முறையீடு கேட்டு. ஒவ்வொன்றையும் அவளே பதிவுத் தபாலில் அனுப்பினாள். பெற்றுக்கொண்டதற்கான அட்டைகள் வந்துசேர்ந்தன. பதில் ஒன்றும் வரவில்லை. லாரி ஷெட்டில் தினக்கூலிக்கு வண்டி கழுவினான். அதைவிடக் கொடுமை, குழந்தையைப் பறிகொடுத்தவள் கடைவீதியில் அவனைப் பார்த்துக் காறித் துப்பியது. அவளிடமும் யாரும் ஒரு வார்த்தை விசாரித்ததில்லை. டிரைவர் ஊர் சுற்றப் போனான் என்று சொல்லி அனுப்பியதோடு சரி.

இரண்டரை வருஷம் கழித்துத் தீர்ப்பாயத்தில் அவன் போட்ட வழக்கு எடுக்கப்பட்டது. நீதிபதி அரசு வக்கீலைக் கேட்டார். "சாட்சியைக் கேள்வி கேட்க விட்டீங்களா?"

"அவசியம் ஏற்படலை..."

"ரிஜிஸ்டர் கொடுத்தீங்களா? அறிக்கை? குற்றம் சாட்டினவரே விசாரிச்சிருக்காரே, அவருக்கு வேற வேலை இல்லையா?" வக்கீல் தாளைப் புரட்டினார். நீதிபதி தொடர்ந்தார்: "இந்த ஆள் தப்புப் பண்ணினாரா இல்லையான்னு நான் இப்போ சொல்லலை. அவர் சொன்னதைக் காது கொடுத்துக் கேட்டீங்களாங்கறதுதான் என் முன்னால இருக்கிற விஷயம். கேட்கலை. உத்தரவு செல்லாது. வேலையில சேர்த்துக்கிட்டு, வேற அதிகாரியை வச்சு முதல்லேர்ந்து விசாரிங்க."

புதிதாக வந்த விசாரணை அதிகாரி வேறு துறையைச் சேர்ந்த அம்மாள். "யாரையாவது கூப்பிடணுமா?" என்று அவரே கேட்டார்.

"வாட்ச்மேன் வரணும் மேடம். குழந்தையை இழந்த அந்தப் பொண்ணும் வந்து காதால கேட்கணும்."

வாட்ச்மேன் ரிஜிஸ்டரைப் பிரித்துத் தன் கையெழுத்தையே எழுத்துக்கூட்டிப் படித்தார்: "ஆம்புலன்ஸ், ரயில் நிலையம், கண்காணிப்பாளர் ஐயா சொன்னபடி." சுவரோரம் உட்கார்ந்திருந்த அந்தப் பெண் முந்தானையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"இப்போ கேளுங்க," என்று கண்காணிப்பாளரைக் காட்டினார் அதிகாரி.

"சார், அன்னிக்கு உங்க மாமனார் மாமியார் ரயிலடியிலேர்ந்து எந்த வண்டியில வீட்டுக்கு வந்தாங்க?"

கண்காணிப்பாளர் தண்ணீர் குடித்தார். "ஞாபகம் இல்லை."

"ஆம்புலன்ஸ் இல்லேன்னு சொல்லுங்க சார். ஞாபகம் இல்லைன்னு சொல்லாதீங்க!" அவன் குரலில் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. யாரும் அவனைக் கத்தாதே என்று சொல்லவில்லை.

அவன் மேல் குற்றமில்லை என்று அறிக்கை வந்தது. கண்காணிப்பாளருக்கு மெமோ போனது. அவருக்கு ரிஜிஸ்டர் நகல், பதில் சொல்ல முப்பது நாள், பக்கத்தில் வக்கீல், எல்லாம் முறைப்படி கிடைத்தன. "அந்த முறையில பாதி எனக்குக் காட்டியிருந்தா ரெண்டரை வருஷம் வண்டி கழுவியிருக்க மாட்டேன்," என்று மனைவியிடம் பொருமினான்.

விசாரணை முடிந்த அன்று அந்தப் பெண் மாடிப்படியில் அவனை மறித்திருந்தாள். மன்னிப்புக் கேட்பாள் என்று நினைத்துக் கையை அசைத்தான், வேண்டாம் என்பதுபோல.

"அவரு போகச் சொன்னாரு. சரிண்ணே," என்றாள். "ஒரே வண்டின்னு உங்களுக்குத் தெரியும்தானே? முடியாதுன்னு ஏன் சொல்லலை?"

தொண்டையைச் செருமினான். அவள் பதிலுக்காக நின்றுகொண்டே இருந்தாள்.