கை தவறவில்லை

அக்கா தங்கை இருவரில் பெரியவள் ஒரு சீருடைக் கடையில் துணி வெட்டுபவள். நர்ஸ், காவலாளி, பள்ளிப் பிள்ளைகள் என்று ஊரில் பாதிப் பேர் அவள் கத்தரி பட்ட துணியைத்தான் போட்டுக்கொண்டு திரிந்தார்கள். அவள் வெட்டியதை யாரும் மறுபடி அளந்து பார்த்ததில்லை. அப்படிப்பட்டவளிடம் அவள் புருஷன் ஒரு நாள், "நீ இருக்கிறதும் இல்லாததும் எனக்கு ஒண்ணாத்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டு வேறொருத்தியோடு போய்விட்டான். கத்திச் சண்டை போட்டுவிட்டுப் போயிருந்தால்கூட மனசு ஆறியிருக்கும்.

இரண்டு பெட்டிகளோடு தங்கை வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். இஸ்திரி மேசையும் ஓட்டை சைக்கிளும் கிடந்த பின்னறையை அவளுக்கு ஒழித்துக் கொடுத்தார்கள்.

தங்கைக்கு எந்த வேலையும் உருப்படியாக வராது. பாலை அடுப்பில் வைத்துவிட்டு ஜன்னலில் வேடிக்கை பார்ப்பாள். சாவியை உள்ளே வைத்துவிட்டுக் கதவைச் சாத்துவாள். பள்ளிக்கூட வாத்தியாரான அவள் புருஷனோ அதற்கெல்லாம் விழுந்து விழுந்து சிரிப்பான். கருகிய பாத்திரத்தைத் தானே தேய்த்துக்கொண்டு, "சரி, இன்னிக்கு என்ன நடந்துச்சு, சொல்லு" என்பான். ஒன்றுமே நடக்காத ஒரு நாளை அவள் அரைமணி நேரம் இழுத்து இழுத்துச் சொல்லுவாள். அவனும் வாயைப் பிளந்துகொண்டு கேட்பான்.

சுவர் வழியே அந்தப் பேச்சு பின்னறைக்கு வரும். பெரியவளுக்கு வயிறு பற்றி எரியும். ஒரு பட்டன் தைக்கத் தெரியாதவளுக்குப் போய் இப்படி ஒருத்தன். நான் ஒரு நாளாவது பாலைப் பொங்க விட்டிருப்பேனா? நிழல் கொடுத்தவர்கள் மேலேயே எரிகிறோமே என்று வெட்கமாகவும் இருந்தது. ஆனால் அந்த வெட்கம் எரிச்சலை அணைக்கவில்லை. எண்ணெய்தான் ஊற்றியது.

வாத்தியாருக்குத் தலைமை ஆசிரியர் பதவி வந்தது. தங்கை நல்ல கோட்டுத் துணி ஒன்று வாங்கிக்கொண்டு ஓடி வந்தாள்.

"அக்கா, அவருக்குத் தெரியாம தைக்கணும். பொறுப்பேத்துக்கிற அன்னிக்கு அவர் முகத்தைப் பார்க்கணும் எனக்கு. நீதான் வெட்டித் தரணும்."

"அதுக்கென்ன, தந்துட்டாப் போச்சு."

கடையில் எல்லோரும் சாப்பிடப் போனபிறகு, மேசையில் துணியை விரித்தாள். அவனுடைய பழைய கோட்டை வைத்து அளவெடுத்தாள். கைப்பகுதிக்குச் சாக்கட்டியால் கோடு போட்டாள். சரியான கோடு. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு உள்ளங்கையால் அழித்துவிட்டு, நாலு விரற்கடை உள்ளே தள்ளி இன்னொரு கோடு இழுத்தாள். கத்தரி அதன் மேல் வழுக்கிக்கொண்டு போனது. துணியோ அளவுக்குத்தான் இருந்தது. ஒட்டுப்போடக்கூட மிச்சமில்லை.

சாயங்காலம் தங்கை துண்டுகளைப் பழைய கோட்டின் மேல் வைத்துப் பார்த்தாள். கை குட்டையாக இருந்தது. முகம் தொங்கிப்போனது. அடுத்த நிமிஷமே நிமிர்ந்து சிரித்தாள்.

"அப்பாடா! உனக்கும் தப்பு வருமா? சின்ன வயசுலேருந்து 'அக்காவைப் பாரு, அக்காவைப் பாரு'ன்னு கேட்டுக் கேட்டு எனக்குக் காதே புளிச்சுப்போச்சு. உன்னைப் பார்த்து எவ்வளவு எரிஞ்சிருக்கேன் தெரியுமா? போகட்டும் விடு. உனக்கு இருக்கிற மனக்கஷ்டத்துல கை தவறிடுச்சு."

தப்பித்துக்கொள்ள வழி திறந்தேதான் இருந்தது. தலையை ஆட்டியிருந்தால் போதும்.

"கை தவறலை," என்றாள் பெரியவள். "தெரிஞ்சுதான் வெட்டினேன்."

"ஏன்?"

"தாங்க முடியலை. நீங்க ரெண்டு பேரும் சிரிக்கிறதை."

தங்கை துண்டுகளைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அதன்பிறகு தட்டு வந்தது, பேச்சு வரவில்லை. விஷயம் தெரிந்த வாத்தியார் ஒருமுறை, "கை நீளமா இருந்தா சாக்பீஸ் தூள்தான் ஒட்டும், நல்லதுதான்" என்று சிரிக்க வைக்கப் பார்த்தான். வீட்டில் யாரும் சிரிக்கவில்லை.

பதவியேற்பு அன்று அவன் பழைய கோட்டிலேயே போனான். தங்கையும் கூடப் போனாள். பெரியவளைக் கூப்பிடவில்லை.

காலி வீட்டில் கட்டிலில் உட்கார்ந்தபோது, கத்தரியை ஓட்டிய அந்த நேரத்தில் எனக்குள்ளே என்னதான் இருந்தது என்று அவள் முதல்முறையாகத் தன்னையே கேட்டுக்கொண்டாள். தங்கை புருஷன் மேல் ஆசையா? சீ, இல்லை. தங்கை கண்ணீர் விட வேண்டும் என்றா? அவள் முகம் தொங்கிப்போனபோது இனிக்கவில்லையே. யோசிக்க யோசிக்க ஒன்றே ஒன்றுதான் மிஞ்சியது. 'இன்னிக்கு என்ன நடந்துச்சு, சொல்லு.' அதைத் தன்னிடம் யாரும் கேட்கவில்லை.

நிஜமாகவே கேட்கவில்லையா? கல்யாணமான புதிதில் புருஷன் கேட்டது ஞாபகம் வந்தது. என்ன யோசனை? ஒண்ணுமில்லை. உனக்கு என்ன வேணும்? எனக்கு எதுவும் வேணாம். அப்படிச் சொல்வதில் அவளுக்கு ஒரு பெருமை. கேட்டுக் கேட்டு அலுத்து, அவன் கேட்பதையே விட்டுவிட்டான். அதற்காக அவன் செய்தது நியாயமாகிவிடாது. அந்தக் கணக்கு அவனோடது. ஆனால் எதுவும் வேண்டாம் என்றது பொய். வேண்டியதெல்லாம் உள்ளுக்குள்ளேயே புழுங்கி, பொறாமையாகப் புளித்துப்போய், அவள் வாயால் சொல்ல மறுத்ததைக் கத்தரி வழியாகச் சொல்லியிருக்கிறது. அந்த வீட்டுக்கு வந்தபிறகு அன்றுதான் அவள் வாய்விட்டு அழுதாள். பாதி அழுகையில் பசித்தது. எழுந்து போய்ச் சாப்பிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை, தங்கை துணி உலர்த்துகிற இடத்துக்குப் பெரியவள் போய் நின்றாள்.

"கடைக்குப் பக்கத்துத் தெருவுல ஒரு ரூம் வாடகைக்கு இருக்காம். பார்க்கப் போறேன்."

"யாரும் உன்னைப் போகச் சொல்லலையே," என்றாள் தங்கை, திரும்பாமலே.

"நான்தான் போறேன்கிறேன். எனக்குன்னு ஒரு வீடு வேணும். தனியா போகப் பிடிக்கலை. நீயும் வரணும்."

தங்கை கையிலிருந்த ஈரச் சட்டையோடு அப்படியே திரும்பினாள். அக்கா வாயிலிருந்து 'வேணும்' என்று ஒரு வார்த்தையை அவள் கேட்டதே இல்லை. சட்டையை வாளியில் போட்டுவிட்டுச் செருப்பைத் தேடப் போனாள். ஒன்று கட்டிலடியில் கிடந்தது. இன்னொன்றைத் தேடி எடுக்கக் கொஞ்ச நேரமாயிற்று.

இருவரும் தெருமுனைக்கு வந்தார்கள்.

"எனக்குக் கோபம் இன்னும் போகலை, சொல்லிட்டேன்," என்றாள் தங்கை.

"சரி."

"உனக்கு எரிச்சல் போயிடுச்சா?"

"இல்லை. காலையில உன் தலையை அவர் துவட்டிவிட்டாரே, அப்பக்கூட எரிஞ்சுது."

தங்கை உதட்டைக் கடித்துப் பார்த்தாள், அடக்க முடியவில்லை. நடுத்தெருவில் நின்று சிரித்தாள். பெரியவள் சிரிக்காமல் காத்திருந்தாள். சிரித்து முடித்ததும், "எந்தப் பக்கம்?" என்று கேட்டாள் தங்கை.

இடது பக்கம் கையைக் காட்டினாள் பெரியவள்.