சேறு இல்லை

அவன் ஓடி வருகிறான், ஓரக்கோட்டை ஒட்டி, பிப்ரவரிச் சேற்றில் கால் புதையாமல், பந்து அவன் பேச்சைக் கேட்பதுபோல் முன்னால் உருள, கிளைவ் ரட்கின், இருபத்தோரு வயது, எதிரணியின் விங்கர், ஓரமாக ஓடித் தாக்குபவன், நான் அவனைத் தடுக்க வேண்டியவன், எனக்கு இருபத்தொன்பது, வட இங்கிலாந்தின் அந்தக் கடலோர ஊரின் கால்பந்து அணிக்காகப் பதினோரு வருடம் ஆடியவன், முதல் பாதியிலேயே மூன்று முறை என்னைக் கடந்து போய்விட்டான், மூன்றாவது முறை சிரித்தது என் ஊர்க்காரர்கள்தான், இடைவேளையில் மேலாளர் பியூ தேநீரை என் கையில் கொடுத்துவிட்டு, குனிந்து, மெதுவாகத்தான் சொன்னார், அவன் இனிமேல் எழுந்து ஓடக்கூடாது, புரிகிறதா, புரிகிறது சார் என்றேன், மழை சாய்வாக அடிக்கிறது, அவன் வருகிறான், நான் பந்தைப் பார்க்கவில்லை, முழங்காலுக்குக் கீழே பார்க்கிறேன், ஈரத்துணிக்குள் எதையோ வைத்து ஒடித்ததுபோல் அமுங்கிய ஒரு சத்தம், அத்தனை ஆயிரம் பேர் இருந்தும் எங்கள் இரண்டு பேருக்குத்தான் அது கேட்டிருக்கும், நடுவர் வெறும் ஃப்ரீ கிக் கொடுத்தார், சேறு வழுக்கிவிட்டது என்று நினைத்தார், மறுநாள் பத்திரிகையும் விபத்து என்றே எழுதியது.

ஒன்றுக்குப் பூஜ்யம், நாங்கள் ஜெயித்தோம், அந்த வசந்தத்தில் மேல் பிரிவுக்குப் போனோம், ஊர் என்னைத் தோளில் தூக்கியது, ரட்கின் அதற்குப் பிறகு ஆடவே இல்லை, ஒருமுறை ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பார்த்துவிட்டு வா என்று என் மனைவி மொரீன் சொல்லிக்கொண்டே இருந்தாள், ஒரு மணி நேர ரயில்தானே, போனேன், ஆரஞ்சுப் பழங்கள் வாங்கிக்கொண்டு, அந்த ஊர் நடைமேடையில் பையோடு நின்றேன், அடுத்த ரயிலில் திரும்பிவிட்டேன், எப்படி இருக்கிறான் என்றாள், தூங்கிக்கொண்டிருந்தான் என்றேன், முப்பத்து நாலில் என் முழங்கால்களும் போயின, ரொட்டி வண்டி ஓட்டினேன், இருபத்தாறு வருடம், மொரீன் புற்றுநோயில் போனாள், அவன் தூங்கிக்கொண்டிருந்தான் என்று நம்பியபடியே போனாள், சில நாள் கனவில் நான்தான் அந்த ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கிறேன், அவன் ஆரஞ்சுகளோடு கதவருகே நிற்கிறான், உள்ளே வா என்கிறேன், குரல் வரவில்லை, விழித்தால் எழுபத்தாறு வயது.

போன செவ்வாய்க்கிழமை காலை, முழங்கால் டாக்டரைப் பார்க்கக் காத்திருக்கிறேன், ஊன்றுகோலோடு வந்த ஒருவன் என் முகத்தையே பார்த்தான், நீதானே, நான் ரட்கின் என்று பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தான், தலை முழுக்க நரைத்திருந்தது, ஒரு பள்ளிக்கூடத்தில் மைதானப் பராமரிப்பாளராக இருந்தானாம், பிள்ளைகள் ஆடுவதைப் பார்த்துக்கொண்டே வேலைக்காலம் முடிந்ததாம், இரண்டு மகள்களாம், என் அப்பா அப்போது உன்னை அடிக்கக் கிளம்பினார், நான்தான் நிறுத்தினேன், அந்தச் சேற்றில் யார் வந்திருந்தாலும் வழுக்கியிருக்கும் என்றேன், மகள்களிடமும் அதைத்தான் சொன்னேன், யார்மேலும் கோபம் இல்லாததால்தான் நான் உருப்படியாக இருந்தேன், உன்னிடம் இதைச் சொல்ல வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்திருந்தேன், என்றான்.

தலையாட்டியிருக்கலாம், தலையாட்டினால் போதும், ஆனால் வாய் திறந்துகொண்டது, சேறு இல்லை என்றேன், மேலாளர் சொன்னார், நான் செய்தேன், உன் காலைப் பார்த்துத்தான் இறங்கினேன்.

இதை எதற்கு இப்போது சொல்கிறாய் என்றான் அவன், கோபமாகக்கூட இல்லை, உனக்குத் தெரிய வேண்டும் என்றுதான், என்றேன், எனக்கு வேண்டியிருக்கவில்லையே என்றான், நாற்பத்தேழு வருடம் எனக்கு வேண்டியிருக்கவில்லையே, கையை ஊன்றி எழுந்தான், ஜன்னலோர வரிசையில் ஒரு நாற்காலி காலியாக இருந்தது, அதை நோக்கி நடந்தான், ஊன்றுகோலை வைத்து, வலது காலை இழுத்து, மறுபடி ஊன்றி, பத்தடிகூட இருக்காது, அதற்குள் நர்ஸ் என் பெயரை இரண்டு முறை கூப்பிட்டுவிட்டாள், அவன் இன்னும் போய்ச் சேரவில்லை.